குளிர்காலப் பழத்தேநீர்: முதன்முறை போடுபவர்களுக்கு ஒரு வழிகாட்டி

மதுரையிலிருந்து ஊட்டிக்கு மாற்றலாகி வந்த முதல் மார்கழியில் அப்பா எங்களோடு வந்து தங்கினார். தலைக்குந்தா, காந்தல் பக்கத்துப் புல்வெளிகள் விடியற்காலையில் உறைபனியில் வெளுத்துக் கிடக்கும் நாட்கள் அவை. அப்பாவுக்குப் பால் ஒத்துக்கொள்ளாது. சுக்குக் காப்பியை இரண்டு நாள் குடித்தார். மூன்றாம் நாள் நெஞ்சு எரிகிறது என்று டம்ளரைத் தள்ளி வைத்துவிட்டார். பாலில்லாமல், பழமும் பட்டையும் ஏலமும் சேர்த்துச் சூடாக ஒரு தேநீர் போட்டுக் கொடுக்கலாம் என்று அப்போதுதான் ஆரம்பித்தேன். முதல் பத்து நாட்களில் ஆறு முறை கீழே கொட்டினேன். ஒரு முறை கசப்பு, ஒரு முறை நாக்கு மரத்துப்போகும் காரம், ஒரு முறை வெறும் வெந்நீர் போன்ற ருசி. எழுபத்திரண்டு வயதுக்காரர் ஒவ்வொரு முறையும் ஒரு வாய் குடித்துவிட்டு "பரவாயில்லை" என்று சொன்னதுதான் எனக்கு அதிகம் வலித்தது.

கீழ்வீட்டில் இருக்கும் அக்கா கோத்தகிரிப் பக்கத்துத் தோட்டத்தில் வளர்ந்தவர். அவர் வந்து பார்த்துவிட்டு ஒன்றே ஒன்றுதான் சொன்னார்: "எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டுக் கொதிக்க வைக்கிறீர்களே, அதுதான் தப்பு." பட்டைக்குக் கால் மணி நேரத்துக்கு மேல் வேண்டும். தேயிலைக்கு மூன்று நிமிடம் போதும். ஆரஞ்சுச் சாறு அடுப்பையே பார்க்கக் கூடாது. இந்த மூன்று நேரங்களும் கைக்கு வந்துவிட்டால் மற்றதெல்லாம் எளிது. நான் கொட்டிய ஆறு பானை உங்கள் வீட்டிலும் கொட்டப்பட வேண்டாம் என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

கீழே சொல்லும் அளவுகள் நான்கு டம்ளருக்கு, டம்ளர் ஒன்றுக்கு ஏறக்குறைய 170 மில்லி.

1. பாத்திரத்தை முதலில் முடிவு செய்யுங்கள்

எவர்சில்வர் பாத்திரம், கனமான அடியும் பொருத்தமான மூடியும் உள்ளதாக எடுத்துக்கொள்ளுங்கள். அலுமினியம் வேண்டாம். ஈயம் பூசாத பித்தளையும் செம்பும் வேண்டவே வேண்டாம். பழத்தின் புளிப்பு இந்த உலோகங்களை அரித்துத் தேநீரில் சேர்த்துவிடும். இரும்புச் சட்டியில் தேயிலை பட்டால் நிறம் மைபோலக் கறுத்துவிடும், வாயில் துருவாடை அடிக்கும்.

இதோடு ஒரு வடிகட்டி, சாறு பிழிய ஒரு கிண்ணம், நேரம் பார்க்கக் கடிகாரம் அல்லது கைபேசி. நேரத்தைக் கண்ணால் மதிப்பிடுவது பழகிய பிறகு சரி. முதல் ஐந்தாறு முறை கடிகாரத்தை வைத்தே செய்யுங்கள்.

2. மசாலாப் பொருட்கள் வாங்குவது

நான்கு டம்ளருக்கு வேண்டியது: சுருள் பட்டை 3 கிராம் (இரண்டு விரல் நீளத் துண்டு), கிராம்பு 4, ஏலக்காய் 3, தோல் சீவிய இஞ்சி ஒரு கட்டைவிரல் கணு அளவு, அன்னாசிப்பூவில் பாதி. மிளகு விரும்புபவர்கள் நான்கு மிளகு சேர்க்கலாம். எல்லாம் முழுதாக இருக்கட்டும், பொடியாக வாங்காதீர்கள். பொடி தேநீரைக் கலங்கடிக்கும், வடிகட்டியில் தங்காது, தொண்டையில் உறுத்தும். பொடியில் என்ன கலந்திருக்கிறது என்று நம்மால் கண்டுபிடிக்கவும் முடியாது.

பட்டையில்தான் பெரும்பாலோர் ஏமாறுகிறோம். பிரியாணிக்குப் போடும் தடித்த, கரும்பழுப்புப் பட்டை வேறு. இலங்கையிலிருந்து வரும் சுருள் பட்டை வேறு. சுருள் பட்டை காகிதம் போல மெல்லிய அடுக்குகள் ஒன்றுக்குள் ஒன்றாகச் சுருண்டு, சுருட்டைப் போல இருக்கும். விரலால் அழுத்தினால் நொறுங்கும், பென்சிலைச் சுற்றி வளைக்கும் அளவுக்கு மெல்லியது. தடித்த பட்டை ஒரே அடுக்கு, உடைக்கப் பல்லும் கையும் வேண்டும். பிரியாணிக்கு அந்தக் காரம் பொருத்தம். பழத்தோடு சேரும்போது அது பழத்தை மிதித்துவிடும். தடித்த பட்டையில் கூமரின் என்ற பொருளும் அதிகம். அது மிகுந்தால் கல்லீரலுக்கு நல்லதில்லை. உடல் எடையில் கிலோ ஒன்றுக்கு ஒரு நாளைக்கு 0.1 மில்லிகிராம் என்பதே ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் வைத்திருக்கும் வரம்பு. என்றாவது ஒரு டம்ளர் குடிப்பவருக்கு இது கவலைக்குரியதில்லை. குளிர்காலம் முழுவதும் தினமும் இரு வேளை குடிக்கப் போகிறீர்கள் என்றால் சுருள் பட்டைக்குச் செலவழியுங்கள்.

கிராம்பைச் சோதிப்பது எளிது. ஒரு டம்ளர் தண்ணீரில் நாலைந்தைப் போடுங்கள். எண்ணெய்ச் சத்து உள்ள நல்ல கிராம்பு அடியில் போய் அமரும், எண்ணெய் எடுக்கப்பட்ட சக்கை மேலே மிதக்கும். நான் முதலில் வாங்கிய பொட்டலத்தில் பாதிக்கு மேல் மிதந்தது. தெரியாமல் நான்குக்கு எட்டாகப் போட்டுக்கொண்டிருந்தேன். பிறகு நல்ல கிராம்பு கிடைத்த அன்றும் அதே எட்டைப் போட்டதால்தான் அப்பாவுக்கு நாக்கு மரத்தது. கன்னியாகுமரி மாவட்டத்து மலைக் கிராம்புக்கு 2021-இல் புவிசார் குறியீடு கிடைத்திருக்கிறது. கிடைத்தால் அதையே வாங்குங்கள், நான்கு போதும்.

ஏலக்காய் பச்சை நிறமாகவும், குலுக்கினால் உள்ளே விதை கலகலவென்று ஆடாமலும் இருக்க வேண்டும். ஆடினால் விதை உலர்ந்து சுருங்கியிருக்கிறது என்று பொருள். தேனி, போடிநாயக்கனூர்ப் பக்கம் உறவினர் இருந்தால் அவர்கள் ஊருக்கு வரும்போது வாங்கிவரச் சொல்லுங்கள். போடி ஏலக்காய் ஏலம் நடக்கும் ஊர். அங்கே பழைய சரக்கை உங்கள் தலையில் கட்டுவது கடினம்.

பொட்டலமாக வாங்கினால் அட்டையில் மூன்றைப் பாருங்கள்: பொட்டலமிட்ட தேதி, எப்போதுக்குள் பயன்படுத்த வேண்டும் என்ற தேதி, உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் 14 இலக்க எண். பொட்டலமிட்டு எட்டு மாதம் கடந்த ஏலக்காயை நான் எடுப்பதில்லை, தேதி இன்னும் மிச்சமிருந்தாலும். ரசீதையும் வைத்துக்கொள்ளுங்கள். மிதக்கும் கிராம்பைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது ரசீது இல்லாததால் கடையில் வாங்க மறுத்துவிட்டார்கள். அறுபது ரூபாய்தான், ஆனாலும் அது நம் பணம்.

3. தேயிலை: தூள் வேண்டாம், இலை வேண்டும்

பால் டீக்குப் போடும் தூள், ஒரு நிமிடத்தில் சாற்றையெல்லாம் இறக்கிவிடும். அடுத்த நிமிடத்தில் துவர்ப்பு ஏறிவிடும். பால் இருந்தால் அந்தத் துவர்ப்பை அணைத்துக்கொள்ளும். பாலில்லாத பழத்தேநீரில் அது பழத்தின் புளிப்போடு சேர்ந்து வாயைக் கட்டிப்போடும். ஆர்த்தடாக்ஸ் என்று கடைகளில் சொல்லும் சுருட்டிய இலைத் தேயிலையை வாங்குங்கள். நீலகிரி இலைத் தேயிலைக்கு இயல்பாகவே ஒரு பூ வாசம் உண்டு. பழத்தோடு சேர அதைவிடப் பொருத்தமானதை நான் குடித்ததில்லை. குளிர்காலத்தில், டிசம்பர் ஜனவரியில் பறித்த இலை கிடைத்தால் இன்னும் நல்லது.

இங்கே புதியவர்கள் விழும் ஒரு பள்ளம் இருக்கிறது. அட்டையில் ஆரஞ்சு பெக்கோ என்று போட்டிருந்தால் அதில் ஆரஞ்சுப் பழம் இருப்பதாக நினைக்காதீர்கள். அது இலையின் அளவையும் தரத்தையும் குறிக்கும் பெயர். பழத்துக்கும் அதற்கும் ஒரு தொடர்பும் இல்லை. அதேபோலப் பழத்தேநீர் என்று பை பையாக விற்பதில் பல வகைகளில் தேயிலையே இருக்காது, செம்பருத்தி வகைப் பூவும் சுவையூட்டியும்தான் இருக்கும். பொருட்களின் பட்டியலைப் படியுங்கள். எடையில் எது அதிகமோ அதுதான் முதலில் வரும். பழத்தின் பெயர் கடைசியில் இருந்தால் அதன் அளவும் அவ்வளவுதான்.

தேயிலைக்குச் சாயம் ஏற்றியிருக்கிறார்களா என்று பார்க்க, ஈரமாக்கிய வெள்ளை ஒற்றுத்தாளில் சில இலைகளைத் தூவி ஐந்து நிமிடம் விட்டு, இலையைத் தட்டிவிட்டு ஓடும் நீரில் தாளை அலசுங்கள். பளிச்சென்று நிறம் ஒட்டியிருந்தால் அந்தத் தேயிலை வேண்டாம்.

அளவு 6 கிராம். சின்னக் கரண்டியால் தலைதட்டி மூன்று.

4. பழம்: எது சேரும், எது கெடுக்கும்

நவம்பர் தொடங்கி ஜனவரி வரை கமலா ஆரஞ்சு மலிந்து கிடக்கும். நாக்பூர்ப் பழமும் குடகுப் பழமும் இரண்டும் வரும். நான்கு டம்ளருக்கு நடுத்தரமாக இரண்டு பழம். அதோடு ஓர் ஆப்பிளில் பாதி. இந்த இரண்டும்தான் என் வீட்டு வழக்கம்.

ஊட்டிக்குப் புதிதாக வருபவர்கள் டிசம்பரில் ஊட்டி பிளம்ஸ் தேடுகிறார்கள். அது கோடையில் பழுப்பது. மலைப் பேரிக்காயும் ஜூலையிலிருந்து செப்டம்பர் வரைதான். குளிர்காலத்தில் அவை கிடைக்கவில்லை என்று அலைய வேண்டாம்.

ஆரஞ்சு இல்லாத நாளில் கம்பம் பன்னீர் திராட்சை கைகொடுக்கும். கம்பம் பள்ளத்தாக்கில் ஆண்டு முழுவதும் அறுவடை உண்டு. கால் கிலோவைக் கையால் பிசைந்து, ஐந்து நிமிடம் மெல்லச் சூடாக்கி வடிகட்டுங்கள். மிக்ஸியில் போடாதீர்கள், விதை உடைந்தால் கசந்துவிடும். மாதுளைச் சாறும் அழகாகச் சேரும். ஆனால் அதற்கே துவர்ப்பு உண்டு என்பதால் தேயிலையைப் பாதியாகக் குறையுங்கள். அன்னாசியைத் துண்டாக்கி ஐந்து நிமிடம் வேகவைத்துச் சேர்க்கலாம். வெந்தால் நாக்கை அரிக்கும் குணம் போய்விடும்.

சேராதவை: கொய்யா கூழாகிக் கலங்கும். நெல்லிக்காய் உடம்புக்கு எவ்வளவு நல்லதானாலும் தேயிலையோடு போட்டால் துவர்ப்பின் மேல் துவர்ப்பு. வாழை, சப்போட்டா பற்றி யோசிக்கவே வேண்டாம். சாத்துக்குடி பிழிந்த சற்று நேரத்தில் கசக்கும், டம்ளரில் நேராகப் பிழிந்து உடனே குடிப்பதானால் மட்டும் சரி.

பெட்டியில் விற்கும் பழச்சாற்றை ஊற்றலாமா என்று என்னிடம் கேட்டார்கள். ஊற்றலாம், ஆனால் அது உங்கள் தேநீரின் இனிப்பை உங்கள் கையிலிருந்து பிடுங்கிக்கொள்ளும். அடர்சாற்றில் தண்ணீர் சேர்த்துத் தயாரிக்கும் சாறுகளின் அட்டையிலிருந்து ‘100 சதவீதப் பழச்சாறு’ என்ற வாசகத்தை எடுக்கச் சொல்லி இந்திய உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணய ஆணையம் 2024 ஜூனில் உத்தரவிட்டது. இரண்டு ஆரஞ்சு பிழிய நான்கு நிமிடம் ஆகிறது. அதைச் செய்துவிடலாம்.

பழத்தோலைப் பயன்படுத்துவதால் கழுவுவதில் கஞ்சத்தனம் கூடாது. ஆப்பிளில் மெழுகு பூசியிருப்பார்கள். வெதுவெதுப்பான நீரில் நனைத்து நார் அல்லது தூரிகையால் தேயுங்கள். ஆரஞ்சையும் அப்படியே.

5. எவ்வளவு செலவாகும்

போன டிசம்பரில் நான் கொடுத்த விலை இது. உங்கள் ஊரில் கொஞ்சம் முன்பின் இருக்கும்.

ஏலக்காய் 25 கிராம் 100 ரூபாய், கிராம்பு 50 கிராம் 60, சுருள் பட்டை 50 கிராம் 75, அன்னாசிப்பூ 25 கிராம் 35, இலைத் தேயிலை 250 கிராம் 200. மொத்தம் 470 ரூபாய். இதில் முதலில் தீர்வது பட்டைதான், பதினாறு தடவைக்கு வரும். தேயிலை நாற்பது தடவைக்கு வரும்.

ஒரு முறை நான்கு டம்ளர் போட, மசாலாவும் தேயிலையும் சேர்ந்து 15 ரூபாய், இஞ்சி 3, ஆரஞ்சு இரண்டு 24, அரை ஆப்பிள் 14, நாட்டுச் சர்க்கரை 2. ஆக 58 ரூபாய். டம்ளருக்கு 15 ரூபாய்கூட ஆகவில்லை. தேன் ஊற்றினால் இன்னும் பத்துப் பதினைந்து ரூபாய் ஏறும்.

6. போடும் முறை, நிமிடக் கணக்கில்

முதல் முறை முக்கால் மணி நேரம் ஒதுக்குங்கள். பழகிவிட்டால் அரை மணி. கணக்கு ஊட்டி உயரத்துக்குரியது. சமவெளியில் இருப்பவர்கள் அடுத்த தலைப்பையும் படித்துவிட்டுத் தொடங்குங்கள்.

(அ) கழுவிய ஆரஞ்சை வெதுவெதுப்பான நீரில் பத்து நிமிடம் போட்டுவையுங்கள். குளிர்ந்த பழத்தைவிட இதில் சாறு அதிகம் இறங்கும், தேநீரும் ஆறிப்போகாது.

(ஆ) 700 மில்லி தண்ணீரில் பட்டை, தட்டிய இஞ்சி, அன்னாசிப்பூ மூன்றையும் போட்டுப் பெரிய தீயில் ஏற்றுங்கள். கொதி வந்ததும் தீயைச் சிம்மில் வைத்து மூடிவிடுங்கள். கடிகாரத்தை இங்கிருந்து எண்ணத் தொடங்குங்கள். 18 நிமிடம். மூடி முக்கியம். மூடாமல் விட்டால் வாசம் சமையலறை முழுக்க இருக்கும், டம்ளரில் இருக்காது.

(இ) இதற்கிடையில் ஒரு ஆரஞ்சின் தோலை மட்டும் சீவுங்கள். மேலே உள்ள நிறத் தோல்தான் வேண்டும். அடியில் இருக்கும் வெள்ளைப் பகுதி வந்தால் கத்தியால் சுரண்டி எடுத்துவிடுங்கள். பெருவிரல் அகலத்தில் இரண்டு துண்டு போதும். ஆப்பிளைத் தோலோடு மெல்லிய வில்லைகளாக நறுக்கி விதைகளை நீக்குங்கள்.

(ஈ) எட்டாவது நிமிடம் ஆப்பிள் வில்லைகள் உள்ளே. பதிமூன்றாவது நிமிடம் கிராம்பு. கிராம்பு அவசரக்காரன், ஐந்து நிமிடத்துக்கு மேல் கொதித்தால் மற்ற எல்லாவற்றையும் அடக்கிவிடும். பதினைந்தாவது நிமிடம் தட்டிய ஏலக்காயும் ஆரஞ்சுத் தோலும். இவற்றின் வாசம் சீக்கிரம் பறந்துவிடும் என்பதால்தான் கடைசியில் போடுகிறோம்.

(உ) பதினெட்டாவது நிமிடம் அடுப்பை அணையுங்கள். அணைத்த பிறகே தேயிலை. மூடி வைத்து மூன்று நிமிடம். நான்கு ஆகிவிட்டதா, அன்று கொஞ்சம் துவர்க்கும். ஆறு ஆகிவிட்டதென்றால் சர்க்கரை போட்டு மூடி மறைக்க முயலாதீர்கள், அது நடக்காது.

(ஊ) இந்த மூன்று நிமிடத்தில் ஆரஞ்சைப் பிழியுங்கள். முன்கூட்டியே பிழிந்து வைக்க வேண்டாம். விதையை நசுக்க வேண்டாம், அதிலும் கசப்பு உண்டு. இரண்டு பழத்தில் ஏறக்குறைய 120 மில்லி வரும். சாற்றுக் கிண்ணத்தை வெந்நீர் உள்ள பாத்திரத்தில் இறக்கி வைத்தால் குளிர் விட்டுவிடும்.

(எ) தேநீரை வடிகட்டுங்கள். நாட்டுச் சர்க்கரை இரண்டு சின்னக் கரண்டி கலந்து கரையுங்கள். கடைசியாக ஆரஞ்சுச் சாறு. நிறம் சட்டென்று வெளுத்துச் செம்பொன்னாக மாறும். பயப்பட வேண்டாம், புளிப்புப் பட்டதும் தேயிலையின் நிறம் அப்படித்தான் மாறும். தேன் சேர்ப்பவர்கள் டம்ளரில் ஊற்றி, குடிக்கும் சூட்டுக்கு வந்தபின் சேருங்கள்.

ஆரஞ்சுச் சாற்றை ஏன் கொதிக்கவிடக் கூடாது என்பதைக் கொஞ்சம் விளக்க வேண்டும், ஏனென்றால் நான் கொட்டிய ஆறில் மூன்று இதனால்தான். ஆரஞ்சில் கசப்பில்லாத ஒரு பொருள் இருக்கிறது. பழத்தைப் பிழிந்ததும் அது புளிப்போடு கலந்து லிமோனின் என்ற கசப்புப் பொருளாக மாறத் தொடங்குகிறது. சூடு பட்டால் இந்த மாற்றம் விரைவாக நடக்கும். பிழியும்போது ருசி பார்த்தால் தேன்போல இருக்கும், கொதிக்க வைத்தால் வேப்பங்காய். பழம் சரியில்லை என்று நினைத்து நான் மூன்று கடை மாறினேன். பழத்தின்மேல் குற்றமே இல்லை.

பால் சேர்க்கலாமா என்று கேட்பவர்களுக்கு: முடியாது. புளிப்பு பட்டவுடன் பால் திரிந்துவிடும். கொஞ்சமாகச் சேர்த்தால் திரியாது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

குளிர்ந்த மண் குவளையிலோ பீங்கானிலோ ஊற்றினால் இரண்டே நிமிடத்தில் ஆறிவிடும். டம்ளர்களை வெந்நீரில் அலசிவிட்டு ஊற்றுங்கள். அதற்காகக் கொதிக்கக் கொதிக்கக் குடிக்கவும் வேண்டாம். 65 டிகிரிக்கு மேலான சூட்டில் பானங்களைக் குடிப்பது உணவுக்குழாய்ப் புற்றுநோய்க்குக் காரணமாகலாம் என்று உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை 2016-இல் வகைப்படுத்தியது. சாறு சேர்ந்ததும் தேநீர் எழுபது, எழுபத்தைந்து டிகிரிக்கு இறங்கியிருக்கும். ஐந்து நிமிடம் கையில் வைத்துக் கதகதப்பை அனுபவித்துவிட்டுக் குடிக்கலாம்.

7. உங்கள் ஊரின் உயரத்தைக் கணக்கில் எடுங்கள்

மதுரையில் நான் பட்டையை 12 நிமிடம் கொதிக்கவிட்டால் போதும். அதே 12 நிமிடம் ஊட்டியில் வைத்தபோது வெந்நீர் ருசிதான் வந்தது. காரணம் தெரிய ஒரு வாரம் ஆயிற்று. மலை ஏற ஏறக் காற்றழுத்தம் குறைவதால் தண்ணீர் குறைந்த சூட்டிலேயே கொதித்துவிடுகிறது. முந்நூறு மீட்டருக்கு ஒரு டிகிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். 2,240 மீட்டர் உயரத்து ஊட்டியில் 92, 93 டிகிரியில் கொதி வந்துவிடும். கொடைக்கானலில் 93. குன்னூரிலும் இலங்கையின் நுவரெலியாவிலும் 94. ஏற்காட்டில் 95. தீயை எவ்வளவு கூட்டினாலும் அதற்கு மேல் ஏறாது, எரிவாயுதான் வீணாகும்.

எனவே உயரத்தில் இருப்பவர்கள் பட்டை, இஞ்சியின் நேரத்தைக் கூட்ட வேண்டும்: ஊட்டி, கொடைக்கானலில் 18, குன்னூரில் 16, ஏற்காட்டில் 15, சமவெளியில் 12. மற்றவற்றைக் கடைசியிலிருந்து பின்னோக்கி எண்ணுங்கள். அணைப்பதற்குப் பத்து நிமிடம் முன் ஆப்பிள், ஐந்து நிமிடம் முன் கிராம்பு, மூன்று நிமிடம் முன் ஏலம். தேயிலையின் மூன்று நிமிடம் எந்த ஊரிலும் மாறாது. கொதிக்கும் சூடு குறைவாக இருப்பது இலைத் தேயிலைக்கு ஒருவிதத்தில் நல்லதே, துவர்ப்பு மெதுவாகத்தான் ஏறும்.

8. பலருக்குப் போடும்போது

தெருவில் கிறிஸ்துமஸ் கூடுகைக்கு 25 பேருக்குப் போட்டேன். நான்கு டம்ளர் அளவை ஆறால் பெருக்கிப் போட்டிருந்தால் கெட்டிருக்கும். பெரிய பாத்திரம் கொதி வரவும் ஆறவும் அதிக நேரம் எடுக்கும், அந்த நேரமெல்லாம் மசாலா ஊறிக்கொண்டே இருக்கும். மூன்றரை லிட்டர் தண்ணீர், ஆரஞ்சு 10, ஆப்பிள் 3, சுருள் பட்டை 12 கிராம், கிராம்பு 12, ஏலக்காய் 14, அன்னாசிப்பூ 2, இஞ்சி 50 கிராம், தேயிலை 30 கிராம். டம்ளருக்கு 150 மில்லி வரும். வீட்டு அடுப்பில் கொதி வரவே இருபது, இருபத்தைந்து நிமிடம் ஆகும் என்பதால் விருந்தினர் வருவதற்கு ஒன்றேகால் மணி நேரம் முன்பே தொடங்குங்கள். தேயிலையைத் துணியில் தளர்வாக முடிந்து போட்டால் மூன்றாவது நிமிடம் அப்படியே தூக்கிவிடலாம். அவ்வளவு தேநீரை அவசரத்தில் வடிகட்டுவது ஆபத்தும்கூட.

ஃபிளாஸ்கில் எடுத்துப் போவதானால் வடிகட்டிய மசாலாத் தேநீரை மட்டும் ஊற்றுங்கள். சாற்றைத் தனிப் புட்டியில் கொண்டுபோய், பரிமாறும்போது டம்ளருக்கு இரண்டு மேசைக்கரண்டி வீதம் கலக்குங்கள். கலந்து எடுத்துப் போனால் இரண்டு மணி நேரத்தில் கசந்துவிடும்.

குவளைக்கு எவர்சில்வர் டம்ளர் எடுத்துப் போங்கள். பிளாஸ்டிக் பூசிய காகிதக் குவளைகள் 2019 ஜனவரி 1 முதல் தமிழ்நாட்டில் தடை செய்யப்பட்டவை, நீலகிரியில் கண்காணிப்பும் கடுமை. டம்ளர் கழுவ நான்கு பேர் கைகொடுத்தால் கால் மணி நேர வேலை.

9. யாருக்கு எச்சரிக்கை

ஒரு வயதுக்குக் கீழ்ப்பட்ட குழந்தைகளுக்குத் தேன் எந்த வடிவிலும் கூடாது. அன்னாசிப்பூவையும் அவர்களுக்குக் கொடுக்காதீர்கள். அதைப் போலவே தோன்றும் நச்சு வகை ஒன்று கலந்துவிடக்கூடும், பார்த்துப் பிரிப்பது கடினம்.

ஆரஞ்சுக்குப் பதில் பம்பளிமாஸ் போடலாம் என்று நினைப்பவர்கள் நிறுத்துங்கள். கொழுப்புக்கும் இரத்த அழுத்தத்துக்கும் கொடுக்கும் சில மாத்திரைகளின் வேகத்தை அந்தப் பழம் உடலில் கூட்டிவிடும். வீட்டில் மாத்திரை சாப்பிடும் பெரியவர்கள் இருந்தால் மருத்துவரைக் கேட்காமல் அதைத் தொடாதீர்கள்.

இரத்தசோகை உள்ளவர்கள் சாப்பாட்டோடு குடிக்க வேண்டாம். தேயிலை இரும்புச் சத்து சேர்வதைத் தடுக்கும். ஒரு மணி நேரம் தள்ளிக் குடியுங்கள். இரவில் தூக்கம் வராதவர்களுக்கும் பிள்ளைகளுக்கும் தேயிலையே இல்லாமல் போடலாம். அப்போது பட்டையை ஒரு கிராம் கூட்டி, கடைசியில் நான்கு துளசி இலை போடுங்கள். அப்பா இப்போது மாலையில் குடிப்பது இதுதான்.

10. மிச்சத்தை என்ன செய்வது

சாறு கலந்த தேநீர் மிஞ்சினால் மறுபடி சூடாக்காதீர்கள், கசக்கும். ஆறவைத்துக் குளிர்ச்சியாகவே அன்றைக்குள் குடித்துவிடுங்கள். சாறு கலக்காமல் வடிகட்டியது என்றால் குளிர்சாதனப் பெட்டியில் மறுநாள் வரை தாங்கும். மெல்லச் சூடாக்கி, புதிதாகப் பிழிந்து கலக்கலாம்.

தேயிலையை அணைத்த பிறகு அதே பாத்திரத்தில் போடுவதால் சக்கையெல்லாம் ஒன்றாகிவிடும். ஆனால் பட்டையும் இஞ்சியும் பெரிய துண்டுகள், விரலால் பொறுக்கி எடுத்துவிடலாம். அவற்றை அலசி, மாலையில் இரண்டு டம்ளர் தண்ணீரில் 20 நிமிடம் கொதிக்கவிட்டுக் கொஞ்சம் பனங்கற்கண்டு சேர்த்தால் தொண்டைக்கு இதமான நீர் ஒன்று கிடைக்கும். வெந்த ஆப்பிள் வில்லைகளைக் குப்பையில் போடாதீர்கள். பட்டை வாசத்தோடு மெத்தென்று இருக்கும். சூடாக இருக்கும்போதே ஒரு தட்டில் எடுத்து, டம்ளரோடு சேர்த்து நீட்டுங்கள்.